தொகுதி கேட்கிறவர்களே, கல்முனைப் பக்கமும் பாருங்கள்



சில மாதங்களாகத் தோட்டந்தோட்டமாக ஒரு தாள் சுற்றி வருகிறது. பிரட்டுக்களத்தில் நீட்டுகிறார்கள், சம்பள நாளில் கடைவீதியில் நீட்டுகிறார்கள், கோயில் கமிட்டிக் கூட்டத்திலும் நீட்டுகிறார்கள். பழைய தொகுதி முறையைத் திரும்பக் கொண்டுவர வேண்டும், ஒரு தொகுதிக்கு ஓர் எம்.பி., எங்கள் தொகுதிக்கு எங்கள் ஆள் என்பதுதான் அதில் உள்ள கோரிக்கை. நம் சங்கத்திலேயே பாதித் தலைவர்மார் கையெழுத்துப் போட்டுவிட்டார்கள். நான் போடவில்லை. போடப் போவதுமில்லை. ஏன் என்று கேட்டவர்களுக்கு ஆளுக்கு ஆள் பதில் சொல்லிக் களைத்துவிட்டேன், அதனால் இங்கே எழுதுகிறேன்.

கோரிக்கைக்குப் பின்னால் உள்ள கோபம் எனக்கும் உண்டு. இப்போதுள்ள விகிதாசார முறையில் மாவட்டம் முழுவதும் ஒரே தொகுதி. நானுஓயாவில் இருக்கிறவர் வாக்குப் போட்டு வெல்ல வைத்த எம்.பி. யார், அவர் வீடு எங்கே, எந்த நாளில் போனால் பார்க்கலாம் என்று யாருக்கும் தெரியாது. விருப்பு வாக்குக்காக ஒரே கட்சிக்காரர்களே ஒருவர் சுவரொட்டியை ஒருவர் கிழிக்கிறார்கள். தேர்தல் வாரத்தில் லயத்துக்கு லயம் போத்தல் வருகிறது. இதையெல்லாம் பார்த்தவர்கள் பழைய முறை நல்லது என்று நினைப்பதில் வியப்பில்லை. ஆனால் அந்தப் பழைய முறையை நாம் நேரில் வாழ்ந்து பார்த்தது இரண்டே வருடம்தான். 1947இல் கிடைத்தது, 1949இல் போய்விட்டது. அதை 42 வருடம் முழுசாக வாழ்ந்து பார்த்த தமிழ் பேசும் ஊர் ஒன்று இருக்கிறது. அதனிடம் கேட்காமல் கையெழுத்துப் போடுவது எப்படி?

அந்த ஊர் கல்முனை. நம் ஆட்களுக்கு அது புதிய பெயரல்ல. தீபாவளிக்கு முன்னால் தோளில் மூட்டையோடு வந்து தவணைக்குத் துணி தருகிறவர்களின் மருதமுனைச் சாரமும் சேலையும் அந்தக் கரையில்தான் நெய்யப்படுகின்றன. நம் பாடசாலைகளில் எத்தனையோ பேருக்குக் கணிதமும் விஞ்ஞானமும் படிப்பித்தவர்கள் அந்தப் பக்கத்து ஆசிரியர்கள். அம்பாறை மாவட்டத்தின் கரையோரமாக, கடலுக்கும் வயலுக்கும் நடுவே, வீட்டுக்கு வீடு ஒட்டியபடி கிடக்கும் ஊர்கள்: மருதமுனை, நற்பிட்டிமுனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது. பெரும்பாலும் முஸ்லிம்கள். இடையிடையே பாண்டிருப்பு, சேனைக்குடியிருப்பு போன்ற தமிழ் ஊர்கள். எல்லார் வீட்டிலும் பேச்சு தமிழ்தான்.

1947 தேர்தலுக்காகத் தொகுதி பிரித்தபோது ஒரு கணக்கு வைத்தார்கள். 75,000 பேருக்கு ஓர் ஆசனம், அதோடு ஒவ்வொரு 1,000 சதுர மைலுக்கும் ஓர் ஆசனம். கிழக்கு பரந்த மாகாணம், ஆட்கள் குறைவு. இந்த நிலக் கணக்கால் அதற்கு 7 தொகுதிகள் கிடைத்தன: திருகோணமலை, மூதூர், கல்குடா, மட்டக்களப்பு, பட்டிருப்பு, கல்முனை, பொத்துவில். சிறுபான்மைக்கு இடம் கிடைக்கட்டும் என்றே அந்த நிலக் கணக்கைச் சேர்த்ததாகச் சொன்னார்கள். கல்முனையில் வென்றவர் கேட் முதலியார் எம். எஸ். காரியப்பர். வயற்காணி, பட்டம், செல்வாக்கு மூன்றும் உள்ள குடும்பம். நம் பாட்டன் காலத்தில் பெரிய கங்காணியின் சொல் எப்படியோ, அங்கே போடியாரின் சொல் அப்படி.

அதே தேர்தலில் மலைநாட்டில் இலங்கை இந்தியன் காங்கிரஸ் 7 ஆசனங்களை வென்றது. நுவரெலியாவில் தொண்டமான், தலவாக்கலையில் கவிஞர் சி. வி. வேலுப்பிள்ளை, கொட்டகலையில் குமாரவேலு, நாவலப்பிட்டியில் ராஜலிங்கம், மஸ்கெலியாவில் மோத்தா, அளுத்நுவரவில் ராமானுஜம், பதுளையில் சுப்பையா. தோட்டத்துப் பிள்ளைகள் இந்த ஏழு பெயரையும் மனப்பாடம் செய்ய வேண்டும் என்று நான் வகுப்பில் சொல்வதுண்டு. பரீட்சைக்கு வராது, ஆனாலும் சொல்வேன்.

அப்புறம் நடந்தது எல்லாருக்கும் தெரியும். 1948இல் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம், 1949இல் தேர்தல் சட்டத் திருத்தம். நம் பெயர்கள் வாக்காளர் இடாப்பிலிருந்து எடுக்கப்பட்டன. 1952 தேர்தலில் அந்த 7 பேரில் ஒருவர்கூட இல்லை, நம் சார்பில் வேறு எவரும் இல்லை. கவனிக்க வேண்டியது என்னவென்றால், அந்த 7 தொகுதிகளில் ஒன்றைக்கூட அவர்கள் ஒழிக்கவில்லை. தலவாக்கலைத் தொகுதி இருந்தது, மஸ்கெலியாத் தொகுதி இருந்தது. எல்லைக்கோடு ஓர் அங்குலம் நகரவில்லை. உள்ளே இருந்த மனிதர்களின் பெயரை மட்டும் வெட்டினார்கள். அதற்கும் மேலே ஒரு கொடுமை: 1959இல் திரும்ப எல்லை பிரித்தபோது சனத்தொகைக் கணக்கில் நம் தலைகளையும் எண்ணினார்கள். எண்ணியதால் மலைநாட்டுக்கு ஆசனங்கள் கூடின. அந்த ஆசனங்களுக்கு வாக்குப் போட நமக்கு உரிமை இல்லை. நம் தலையைக் காட்டி வேறொருவர் பாராளுமன்றம் போனார். துண்டில் நம் கொழுந்து நிறுக்கப்பட்டு, செக்ரோலில் பக்கத்து ஆளின் பெயரில் கிலோ விழுந்தால் எப்படி இருக்கும்? அப்படித்தான் இருந்தது.

"பழைய தொகுதிமுறையில் நாம் 7 பேரை அனுப்பினோமே" என்று சொல்கிறவர்கள் இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். தொகுதி நம்மைக் காப்பாற்றவில்லை. சபையில் நம் 7 பேரும் உட்கார்ந்திருக்கும்போதே, அவர்கள் எதிர்த்து வாக்களிக்கும்போதே, சட்டம் நிறைவேறியது.

சரி, நமக்குப் பறித்தார்கள். பறிக்காமல் விட்டிருந்தால் எப்படி இருந்திருக்கும்? அதற்குத்தான் கல்முனை.

1956ஐ எடுத்துக்கொள்ளுங்கள். தனிச் சிங்களச் சட்டம் வரப்போகிறது என்று நாடே அறிந்த தேர்தல் அது. கல்முனை மக்கள் தமிழரசுக் கட்சிக்கு வாக்களித்தார்கள். காரியப்பர் இம்முறை அந்தக் கட்சியின் வேட்பாளர். பக்கத்துப் பொத்துவிலில் அதே கட்சியில் எம். எம். முஸ்தபா வென்றார். வடக்குக் கிழக்கில் அந்தக் கட்சி வென்றது 10 ஆசனம், அதில் இரண்டு இந்த முஸ்லிம் கரையோரத்தில். மொழிக்காகத் தமிழரும் முஸ்லிம்களும் ஒரே சின்னத்துக்குப் போட்ட வாக்கு அது. வென்று அதிக காலம் போகவில்லை, இருவரும் அரசாங்கப் பக்கம் போய்விட்டார்கள். முஸ்தபா 1959 இறுதியில் தகநாயக்கவின் அரசில் நிதியமைச்சராகவே ஆனார். 1960 ஜூலையில் கல்முனை மறுபடியும் தமிழரசுக் கட்சியின் வேட்பாளரைத்தான் அனுப்பியது. எம். சி. அகமது. 1970இல் அதே அகமது அதே தொகுதியில் ஸ்ரீலங்கா சுதந்திரக் கட்சியில் நின்று வென்றார்.

வாக்களித்தவன் என்ன செய்ய முடியும்? ஒன்றும் செய்ய முடியாது. தொகுதிக்கு ஓர் ஆள், அந்த ஆளும் போய்விட்டார். மற்றவரிடம் போகலாம் என்றால் மற்றவர் இல்லை. அடுத்த தேர்தல்வரை அவர் எந்தப் பக்கம் இருக்கிறாரோ அந்தப் பக்கம்தான் கல்முனையும் என்று கணக்கு.

இதைச் சொல்லி அந்த ஊர்க்காரரை யாரும் ஏளனம் செய்ய வேண்டாம். நம் மேடைகளில் "தொப்பி பிரட்டிகள்" என்று ஒரு மட்டமான பேச்சு இருக்கிறது, அதைக் கேட்டால் எனக்கு உடம்பு கூசுகிறது. ஒரு சிறு சமூகத்தின் ஒரே உறுப்பினர் எதிர்க்கட்சி வாங்கில் இருந்தால் ஊருக்குக் கட்டடம் வராது, ஆசிரியர் நியமனம் வராது, குளக்கட்டு திருத்தப்படாது. ஒற்றை ஆசனத்தின் இயல்பே அது: ஊரின் எல்லாத் தேவையும் ஒரு மனிதனின் கழுத்தில் தொங்கும், அவன் அமைச்சரின் கதவைத் தட்டியே ஆக வேண்டும். நம் தலைவர்கள் மட்டும் வேறு வழியிலா போனார்கள்? 1960இலும் 1965இலும் தொண்டமான் பாராளுமன்றம் போனது அன்றன்று ஆட்சிக்கு வந்தவர்களின் நியமன எம்.பி.யாக. 1970இல் அசீஸ் போனதும் அப்படியே. அந்த 1960க்கும் 1965க்கும் நடுவில்தான், 1964 ஒக்டோபரில், சிறிமா சாஸ்திரி ஒப்பந்தத்தில் 5,25,000 பேரைக் கப்பலேற்ற முடிவானது. நியமனம் தந்த கைதான் அந்த ஒப்பந்தத்திலும் கையெழுத்துப் போட்டது. தயவில் இருக்கிறவன் உரத்துப் பேச முடியாது. கல்முனைக்கும் அதுதான், நமக்கும் அதுதான்.

காரியப்பரின் கதைக்கு ஒரு வால் உண்டு. இலஞ்ச விசாரணை ஆணைக்குழு ஒன்றில் அவர் பெயர் வந்தது. 1965இல் பாராளுமன்றம் தனிச் சட்டமே போட்டு, அந்த ஆணைக்குழு குறை கண்ட சிலரின் குடியியல் உரிமையைப் பறித்தது. அதில் அவரும் ஒருவர். வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில்வரை போய், 1967இல் அங்கேயும் தோற்றார். இலஞ்சக் குற்றம் சரியா பிழையா என்பது என் விஷயமல்ல. குடியியல் உரிமை என்பது பாராளுமன்றம் நினைத்தால் சட்டத்தால் கொடுக்கும், சட்டத்தால் எடுக்கும் பொருள் என்பதை நம் 10 இலட்சம் பேருக்குப் பிறகு ஒரு கேட் முதலியாரும் தெரிந்துகொண்டார்.

இனி அந்தத் தொகுதிக்கு உள்ளே இருந்த மற்றவர்களைப் பார்ப்போம். கையெழுத்துத் தாளோடு வருகிறவர்கள் பேசவே விரும்பாத பகுதி இது. 1947 முதல் 1989 வரை கல்முனையின் எம்.பி.மார் எல்லாரும் முஸ்லிம்கள். அதில் ஒரு தப்பும் இல்லை, பெரும்பான்மை அவர்கள். ஆனால் பாண்டிருப்பிலும் சேனைக்குடியிருப்பிலும் இருந்த தமிழர் 42 வருடமும் வாக்குப் போட்டார்கள், தங்கள் ஊர் ஆள் ஒருவரை ஒரு தடவைகூட அனுப்ப முடியவில்லை. ஒற்றை ஆசனத்தில் 51 பேர் பக்கம் எல்லாம், 49 பேர் பக்கம் ஒன்றுமில்லை. மொழி ஒன்று, கடல் ஒன்று, சந்தை ஒன்று. ஆனாலும் ஒரே ஒரு கதிரை. கதிரை ஒன்றானால் சண்டை எப்படி வராமல் இருக்கும்?

அந்தச் சண்டையின் மிச்சம் இன்றும் தீரவில்லை. கல்முனை வடக்குப் பிரதேச செயலகத்தை முழு அதிகாரத்தோடு தர வேண்டும் என்று 2019 ஜூனில் அங்கே உண்ணாவிரதம் இருந்தார்கள். வேண்டாம் என்று முஸ்லிம் தரப்பு எதிர்த்து நின்றது. முஸ்லிம்களுக்குள்ளேயே சாய்ந்தமருது தனக்குத் தனிச் சபை கேட்டது. 2018 உள்ளூராட்சித் தேர்தலில் கட்சிகளையெல்லாம் தள்ளிவிட்டு ஊரே சுயேச்சைக் குழுவுக்கு வாக்களித்தது. 2020 பெப்ரவரியில் வர்த்தமானி வந்தது, சில நாளில் அதை நிறுத்திவைத்தார்கள். ஓர் ஊரிலிருந்து அடுத்த ஊருக்கு நடந்தே போகலாம். அவ்வளவு நெருக்கத்தில் கோடு கீறினால் கோடு வீட்டுக் கோடிக்குள்ளால்தான் போகும்.

இப்போது நம் படத்தை எடுத்து விரியுங்கள். நாம் நெருக்கமாக இருப்பது நுவரெலியா மாவட்டத்தில். அங்கே தொகுதி பிரித்தால் இரண்டோ மூன்றோ நம் கைக்கு வரலாம், மறுக்கவில்லை. கையெழுத்துத் தாளை எழுதியவர்களும் அங்கேதான் இருக்கிறார்கள். மற்ற இடங்கள்? பதுளையில் பசறைப் பக்கம் ஓரளவு. கண்டியில் புசல்லாவை, தெல்தோட்டை, ஹந்தானை என்று துண்டு துண்டாக. மாத்தளை, கேகாலை, இரத்தினபுரி, களுத்துறை, காலி, மாத்தறையில் தெனியாய. றப்பர்த் தோட்டத்தில் 40 குடும்பம், அதைச் சுற்றி 400 சிங்களக் குடும்பங்களின் கிராமம், அதற்கப்பால் இன்னொரு தோட்டம். ஒற்றை ஆசனத் தொகுதி வந்தால் இவர்கள் எல்லாரும் வருடக் கணக்காகப் பாண்டிருப்பாக இருப்பார்கள். வாக்குப் போடுவார்கள், எண்ணப்படுவார்கள், யாரையும் அனுப்ப மாட்டார்கள். இரத்தினபுரித் தொழிலாளியின் சந்தாவும் இதே சங்கத்துக்குத்தான் வருகிறது. அவன் பெயரில் இந்தக் கோரிக்கையை வைக்க நுவரெலியாத் தலைவர்மாருக்கு யார் உரிமை கொடுத்தது?

விகிதாசார முறையில் அவனுக்கு என்ன கிடைத்தது என்று திருப்பிக் கேட்பீர்கள். இரத்தினபுரிக்காரன் கையில் கிடைத்தது குறைவுதான். ஆனால் 2015இல் கண்டியிலிருந்தும் பதுளையிலிருந்தும் நம்மவர் பாராளுமன்றம் போனார்கள். சிதறிக் கிடந்த தோட்டங்களின் வாக்கு மாவட்ட அளவில் ஒன்று சேர்ந்ததால் அது நடந்தது. தொகுதிக் கோடு போட்டிருந்தால் அந்த வாக்கு நாலைந்து துண்டாகி எங்கும் போதாமல் போயிருக்கும்.

கோடு என்றதும் இன்னொரு கேள்வி வருகிறது. யார் கீறுவது? 1947இல் கல்முனைக்கும் பொத்துவிலுக்கும் மேற்கே காடு. 1949இல் கல்லோயாத் திட்டம் தொடங்கியது. இங்கினியாகலையில் அணை, சேனாநாயக்க சமுத்திரம், அதற்குக் கீழே குடியேற்றக் கொலனிகள். சில வருடத்தில் அங்கே புதிய சனம். 1959 எல்லை நிர்ணயத்தில் அம்பாறை என்று ஒரு புதிய தொகுதி. 1961இல் அம்பாறை என்ற பெயரிலேயே புதிய மாவட்டம், கச்சேரியும் அங்கே. கரையோரத்துத் தமிழ் பேசும் சனம் ஒரு பத்திரம் எடுக்கக் கச்சேரிக்குப் போனால் சிங்களத்தில் பேச வேண்டிய நிலை. 1959இல் வந்த நிந்தவூர்த் தொகுதி 1976 எல்லை நிர்ணயத்தோடு மறைந்தது, சம்மாந்துறை வந்தது. 1989இல் எல்லாம் சேர்ந்து ஒரே தேர்தல் மாவட்டமானபோது அதன் பெயர் திகாமடுல்ல. 2012 கணக்கெடுப்பில் அந்த மாவட்டத்தின் மிகப் பெரிய சமூகம் முஸ்லிம்கள், 43 வீதம். கரையோர மாவட்டம் ஒன்று வேண்டும் என்று அவர்கள் கேட்டுக் கேட்டு ஒரு தலைமுறை போய்விட்டது.

முதலில் நிலம் கை மாறியது, பிறகு சனம் வந்தது, கடைசியாகக் கோடு வந்தது. கல்முனைக்கு எம்.பி. இருந்தார், ஆனால் அவரால் இந்த மூன்றில் எதையும் நிறுத்த முடியவில்லை. அவர்களுக்காவது வயலும் வீட்டு வளவும் சொந்தமாக இருந்தது. நம் லயத்தின் கீழே உள்ள 7 பேர்ச்சஸ் நிலத்துக்கே உறுதி இல்லாமல் மன்றாடுகிறோம். வீட்டுக்கு இலக்கமில்லை, தபால் தோட்டத்துக் கந்தோருக்கு வருகிறது. எஸ்டேட்டை மூடினால், துண்டாடினால், சனம் கொழும்புக்குப் போனால், அடுத்த எல்லை நிர்ணயத்தில் நம் "கோட்டை" எங்கே இருக்கும்?

வாக்குக்கும் ஆசனத்துக்கும் அந்த முறையில் சம்பந்தமே இருக்கவில்லை என்பதையும் மறக்கக் கூடாது. 1970இல் ஐக்கிய தேசியக் கட்சி பெற்றது 37.9 வீதம், கிடைத்தது 17 ஆசனம். அதைவிட ஒரு வீதம் குறைவாகப் பெற்ற சுதந்திரக் கட்சிக்கு 91. 1977இல் திருப்பி அடித்தது: ஐ.தே.க.வுக்கு 50.9 வீத வாக்கு, 168இல் 140 ஆசனம். அந்த 140இல் ஒன்று கல்முனை, ஏ. ஆர். எம். மன்சூர். ஆறில் ஐந்து பங்கு பலம் கையில் இருந்தால் என்ன செய்வார்கள்? 1982 டிசம்பரில் பொதுத் தேர்தல் வைக்காமல் விளக்கா குடமா என்று சர்வஜன வாக்கெடுப்பு வைத்து, அதே பாராளுமன்றத்தை 1989வரை இழுத்தார்கள். 1977 ஜூலையில் எம்.பி.யைத் தெரிவு செய்த கல்முனை வாக்காளன் அடுத்த பொதுத் தேர்தலைக் கண்டது 1989 பெப்ரவரியில். பதினொன்றரை வருடம்! அந்த இடைவெளியில் 83 ஜூலை வந்தது, கிழக்கில் போர் வந்தது, தமிழர் முஸ்லிம் கலவரம் வந்தது. ஊரின் முகமே மாறிவிட்டது, ஊருக்குப் புதிதாக வாக்குப் போடும் நாள் மட்டும் வரவில்லை. "நம் எம்.பி.யை நாமே கேள்வி கேட்கலாம்" என்று தாளில் எழுதியிருக்கிறார்களே, அந்த வரியைக் கல்முனையில் வாசித்துக் காட்டினால் சிரிப்பார்கள்.

ஆனால் அதே 1976 எல்லை நிர்ணயத்தில் ஒரு நல்ல விஷயமும் நடந்தது. அதை நம் தாளில் யாரும் எழுதவில்லை. கல்முனைக்குத் தெற்கே பொத்துவிலை இரட்டை அங்கத்தவர் தொகுதி ஆக்கினார்கள். முஸ்லிம்கள் கூட, தமிழர் குறைவு, ஆனாலும் அலட்சியப்படுத்த முடியாத தொகை. 1977இல் முதலாவது உறுப்பினராக ஐ.தே.க.வின் ஜலால்தீன் வந்தார், இரண்டாவது உறுப்பினராகத் தமிழர் விடுதலைக் கூட்டணியின் கனகரத்தினம் வந்தார். கல்முனையில் 42 வருடம் நடக்காதது பொத்துவிலில் ஒரே தேர்தலில் நடந்தது. (கனகரத்தினமும் சில மாதத்தில் ஆளுங்கட்சிக்குப் போனார். அது மனிதர் செய்த வேலை.) அதே எல்லை நிர்ணயம் நுவரெலியா மஸ்கெலியாவை மூன்று அங்கத்தவர் தொகுதி ஆக்கியது. முதலாவது காமினி திசாநாயக்க, இரண்டாவது அநுர பண்டாரநாயக்க, மூன்றாவது தொண்டமான். 1947க்குப் பிறகு 30 வருடம் கழித்து நம்மில் ஒருவர் வாக்கால் தெரிவாகிப் பாராளுமன்றம் போனது இப்படித்தான். ஒற்றை ஆசனத்தில் அல்ல!

எப்படி முடிந்தது? அந்தத் தொகுதிகளில் எத்தனை உறுப்பினரோ வாக்காளருக்கு அத்தனை வாக்கு. மூன்றையும் மூன்று பேருக்குப் பிரித்துப் போடலாம், அல்லது மூன்றையும் ஒருவருக்கே குத்தலாம். தொகையில் குறைந்தவர்கள் எல்லா வாக்கையும் ஒருவருக்கே சேர்த்துப் போட்டால் ஓர் ஆசனம் கிடைத்துவிடும். அந்த வருடம் நம் ஆட்களில் பலருக்கு இன்னும் குடியுரிமை இல்லை. வாக்கு இருந்தவர்கள் அதைச் சேர்த்துக் குத்தினார்கள்.

இங்கே ஒரு கள்ளத்தையும் சொல்லிவிடுகிறேன். இப்போதைய உள்ளூராட்சித் தேர்தலிலும் "பல அங்கத்தவர் வட்டாரம்" என்று உண்டு. பெயரைக் கேட்டு ஏமாற வேண்டாம். அதில் நமக்கு ஒரே வாக்கு, அதுவும் கட்சிக்கு. கூடுதல் வாக்கெடுத்த கட்சி அந்த வட்டாரத்தின் எல்லா ஆசனத்தையும் எடுத்துக்கொள்ளும். பொத்துவில் முறையின் பெயரை வைத்துக்கொண்டு உயிரை எடுத்துவிட்டார்கள்.

கல்முனை மக்களுக்குப் பலம் வந்ததும் தொகுதி போன பிறகுதான். 1978 யாப்பு விகிதாசார முறையைக் கொண்டுவந்தபோது ஒரு மாவட்டத்தில் எட்டில் ஒரு பங்கு, அதாவது 12.5 வீதம், வாக்கு எடுக்காத கட்சிக்கு ஆசனமே இல்லை என்று வெட்டுப்புள்ளி வைத்திருந்தார்கள். 1988 இறுதியில் கல்முனை வழக்கறிஞர் அஷ்ரப் பிரேமதாசவோடு பேரம் பேசி அதை 5 வீதமாகக் குறைக்க வைத்தார். 15ஆவது திருத்தம் அது. அடுத்த தேர்தலில் அவர் சொந்தக் கட்சியில் பாராளுமன்றம் போனார். 5 வீதத்தால் நன்மை அடைந்தவர்களில் நாமும் உண்டு, நாடு முழுக்க எல்லாச் சிறிய கட்சிகளும் உண்டு. அஷ்ரப் கேட்டது தனக்கு ஒரு தொகுதியை அல்ல, எல்லாருக்கும் பொருந்தும் ஒரு விதியை. நம் தலைவர்கள் படிக்க வேண்டிய பேரம் இது.

இதெல்லாம் பழைய கதை என்று தள்ள வேண்டாம். 2017இல் மாகாண சபைத் தேர்தல் சட்டத்தை மாற்றினார்கள்: பாதி உறுப்பினர் தொகுதியால், பாதி பட்டியலால். எல்லை நிர்ணயக் குழுவின் அறிக்கை 2018 ஓகஸ்ட்டில் பாராளுமன்றத்துக்கு வந்தது. எதிராக 139 வாக்கு, ஆதரவாக ஒன்றுமில்லை. கொண்டுவந்த அமைச்சரே எதிர்த்து வாக்களித்தார். மலையகக் கட்சிகளும் முஸ்லிம் கட்சிகளும் அன்று ஒரே பக்கம் நின்றன, எல்லைக்கோட்டில் தங்கள் ஊர்கள் சிதைவதைப் பார்த்ததால். அதற்குப் பிறகு மாகாண சபைத் தேர்தலே நடக்கவில்லை. புதிய யாப்பு, புதிய தேர்தல் முறை என்று அரசாங்கம் பேசிக்கொண்டிருக்கும் இந்த நேரத்தில் "தோட்டத் தொழிலாளர்களே தொகுதி முறை கேட்கிறார்கள்" என்று ஒரு கட்டுக் கையெழுத்து மேசைக்குப் போனால், அது யாருக்குப் பயன்படும்? 37.9 வீதத்துக்கு 17 ஆசனமும் 36.9 வீதத்துக்கு 91 ஆசனமும் கொடுத்த முறையைத் திரும்பப் பெற ஆசைப்படும் பெரிய கட்சிகளுக்கு.

ஆகவே கையெழுத்துப் போட்ட தோட்டக் கமிட்டிகளுக்கு என் வேண்டுகோள்: தாளை மாவட்டக் காரியாலயத்துக்கு அனுப்பாமல் வைத்துக்கொள்ளுங்கள். வரும் மாதக் கூட்டத்தில், மாதர் சங்கத் தலைவிகளும் இருக்கும்போது, அதை எல்லார் முன்னாலும் வாசியுங்கள். "பழைய தொகுதி முறை" என்ற சொற்களை வெட்டிவிட்டு, ஆசனப் பங்கு மொத்தத்தில் வாக்குப் பங்கின்படியே இருக்க வேண்டும், கலந்து வாழும் இடங்களில் பொத்துவிலிலும் நுவரெலியா மஸ்கெலியாவிலும் இருந்ததுபோல் சேர்த்துக் குத்தக்கூடிய பல அங்கத்தவர் தொகுதி வேண்டும், 5 வீத வெட்டுப்புள்ளியில் யாரும் கை வைக்கக் கூடாது, எல்லை நிர்ணயக் குழுவில் தோட்டப் பகுதியைத் தெரிந்தவர் ஒருவர் இருக்க வேண்டும் என்று எழுதுங்கள். இரத்தினபுரி, கேகாலை, களுத்துறை தோட்டங்களின் கமிட்டிகளுக்கு ஒரு பிரதி அனுப்பி அவர்கள் என்ன சொல்கிறார்கள் என்று கேட்ட பிறகு கையெழுத்துக்கு நீட்டுங்கள். அதே கரையோரத்து ஊர்களிலும் இதே கோரிக்கையைப் பேசுகிறவர்கள் இருக்கிறார்கள், அவர்களுக்கும் ஒரு பிரதி போகட்டும்.

இன்னொன்று. ஒவ்வொரு லயத்திலும் 18 வயது முடிந்த பிள்ளைகளின் பெயர் இடாப்பில் ஏறியிருக்கிறதா என்று கிராம சேவகரிடம் போய்ப் பாருங்கள். கொழும்பில் கடையில், வீட்டில் வேலை செய்யும் பிள்ளைகளின் பெயரையும் கேளுங்கள். விடுபட்டிருந்தால் இடாப்புத் திருத்தும் காலத்துக்குள் விண்ணப்பம் போட வேண்டும். படிவம் நிரப்பத் தெரியாதவர்கள் பிள்ளைகளிடம் பாடசாலைக்குக் கொடுத்தனுப்புங்கள், பின்னேரங்களில் நான் அங்கேதான் இருப்பேன்.